தெருக்களைச் சேமித்த செல்வர்

நுழையும்முன்

நாள்தோறும் நாம் நடந்துசெல்லும் தெருவை யாரும் படம்பிடித்து வைப்பதில்லை. திருமணத்திற்கும் திருவிழாவிற்கும் ஊர்வலத்திற்குமே படக்கருவி வெளியே வருகிறது. தண்ணீர் சுமப்பவரும் கூடை பின்னுபவரும் பள்ளிக்கு ஓடும் சிறுவரும் நாளையும் அங்கே இருப்பர் என்று எண்ணிக் கடந்துவிடுகிறோம். அவ்வாறு எண்ணாத மனிதர் ஒருவர் நூறாண்டுகளுக்கு முன் பிரான்சு நாட்டில் வாழ்ந்தார். திரைப்படம் பேசக் கற்காத காலத்தில், உலக நகரங்களின் அன்றாட வாழ்வைப் பதிவுசெய்வதற்காகத் தம் செல்வத்தைச் செலவிட்ட ஆல்பர்ட் கான் என்பவரின் வரலாறு இது.

ஓடும் படங்கள்

1895ஆம் ஆண்டு டிசம்பர் 28ஆம் நாள் பாரிசு நகரின் உணவகம் ஒன்றில் லூமியர் உடன்பிறந்தார் கட்டணம் பெற்றுக்கொண்டு ஓடும் படங்களைத் திரையிட்டனர். தொழிற்சாலையின் கதவு திறக்கிறது; தொழிலாளர் வெளியே வருகின்றனர்; படம் முடிந்துவிடுகிறது. ஒவ்வொரு படமும் ஒரு நிமிடத்திற்கும் குறைவாகவே ஓடியது. அடுத்த ஆண்டே அவர்களுடைய படப்பிடிப்பாளர்கள் கருவியைத் தூக்கிக்கொண்டு நாடுநாடாகப் புறப்பட்டனர். அவர்களுள் ஒருவரான புரோமியோ, 1896இல் வெனிசு நகரின் படகொன்றில் கருவியை நிறுத்திச் சுழற்றினார். கால்வாய்க்கரை மாளிகைகள் திரையில் நகர்ந்து சென்றன. அதே ஆண்டு ஜூலை 7ஆம் நாள் மும்பையின் வாட்சன் விடுதியிலும் லூமியர் படங்கள் திரையிடப்பட்டன.

பயணப்படங்கள் விரைவில் வணிகப்பொருளாயின. தொலைதூர நகரம், விந்தையான உடை, யானை, கோவில், ஆற்றங்கரை எனப் பார்ப்போர் வியக்கத்தக்கவை மட்டுமே தேடிப் பிடிக்கப்பட்டன. புதுமை தீர்ந்ததும் அச்சுருள்களைப் பேணுவோர் இல்லை. பல அழிந்தன. விற்பனைக்கு உதவாத காட்சிகளை, விற்கும் எண்ணமே இல்லாமல் எடுத்துச் சேமிக்க வேண்டுமானால் அதற்கு ஒரு செல்வர் வேண்டியிருந்தது. அச்செல்வர் பிறக்கும்போது செல்வராக இருக்கவில்லை.

எல்லையோரச் சிற்றூர்

பிரான்சின் கிழக்கெல்லையில் அமைந்த அல்சாசு பகுதியின் மர்மூத்தியே என்னும் சிற்றூரில், 1860ஆம் ஆண்டு மார்ச் 3ஆம் நாள் கான் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் ஆபிரகாம். குடும்பம் யூதக் குடும்பம். தந்தை கால்நடை வணிகர். பத்து வயதில் தாயை இழந்தார். பிள்ளைகளுள் மூத்தவர் அவரே. அதே ஆண்டில் பிரான்சுக்கும் பிரசியாவுக்கும் போர் மூண்டது. பிரான்சு தோற்றது. 1871இல் அல்சாசு ஜெர்மானியப் பேரரசோடு இணைக்கப்பட்டது. ஊரும் வீடும் வயலும் இருந்த இடத்திலேயே இருக்க, நாடு மட்டும் மாறிவிட்டது. எல்லைக்கோடு நகரும்போது எளிய மக்களின் வாழ்வு என்னவாகும் என்பதைப் பதினொரு வயதுச் சிறுவன் நூலில் படிக்க வேண்டியிருக்கவில்லை.

பதினாறாம் வயதில் அவர் பாரிசுக்கு வந்தார். பெயரை ஆல்பர்ட் என்று மாற்றிக்கொண்டார். முதலில் துணிக்கடையில் பணி. பின்னர்க் குத்சோ என்னும் வங்கியில் சிறிய எழுத்தர் பணி. பகலில் கணக்கு எழுதியவர் இரவில் பாடம் படித்தார். விட்டுப்போன பள்ளிக்கல்வியை முடிக்க வேண்டும் என்ற வேட்கை அவருக்கு இருந்தது. அதற்காக 1879இல் ஓர் ஆசிரியரை அமர்த்திக்கொண்டார். அவ்வாசிரியர் அவரைவிடச் சில மாதங்களே மூத்த மாணவர். பெயர் ஆன்றி பெர்க்சன். பிற்காலத்தில் உலகப் புகழ்பெற்ற மெய்யியல் அறிஞராகி, 1927ஆம் ஆண்டுக்கான இலக்கிய நோபல் பரிசைப் பெற்றவர் அவரே. கான் தேர்வுகளில் வென்றார். சட்டத்திலும் பட்டம் பெற்றார். ஆசிரியருக்கும் மாணவருக்கும் இடையே தோன்றிய நட்பு அறுபது ஆண்டுகள் நீடித்தது.

வங்கியில் அவருடைய ஏற்றம் வியப்பூட்டுவது. தென்னாப்பிரிக்காவின் வைரச் சுரங்கங்களிலும் தங்கச் சுரங்கங்களிலும் முதலிட்டுப் பெரும்பொருள் ஈட்டினார். 1892இல் வங்கியின் பங்காளியானார். 1898இல் தமக்கென ஒரு வங்கியை நிறுவினார். பாரிசை அடுத்த புலோன் என்னும் ஊரில் நிலம் வாங்கித் தோட்டம் அமைத்தார். பிரெஞ்சுத் தோட்டத்தின் அருகே ஆங்கிலத் தோட்டம், அதனை அடுத்து ஜப்பானியத் தோட்டம், ஒருபுறம் தம் பிறந்த மண்ணை நினைவூட்டும் வோழ் மலைக்காடு எனப் பல நாட்டு நிலங்களை ஒரு வேலிக்குள் வளர்த்தார். திருமணம் செய்துகொள்ளவில்லை. தம்மைப் படம்பிடிப்பதை அவர் விரும்பவில்லை என்பது இங்கே நினைவில் கொள்ளத்தக்கது.

ஆசிரியர்களுக்கு ஒரு பயணம்

கானின் முதல் அறப்பணி படம் அன்று, பயணம். 1898இல் பாரிசுப் பல்கலைக்கழகத்தின் வழியாக இளம் ஆசிரியர்களுக்கு உலகப் பயண நல்கையை ஏற்படுத்தினார். வகுப்பறைக்குச் செல்லுமுன் ஆசிரியர் உலகைக் கண்டுவர வேண்டும். கண்டதை மாணவருக்குச் சொல்ல வேண்டும். பிற மக்களை அறிந்த தலைமுறை போரை நாடாது என்பது அவர் நம்பிக்கை. 1905 முதல் பெண் ஆசிரியர்களும் இந்நல்கையைப் பெற்றனர். ஒரு பெண் தனியே உலகைச் சுற்றுவது அரிதாக இருந்த காலம் அது. பின்னர்ப் பிற நாட்டு அறிஞர்க்கும் இந்நல்கை விரிந்தது. கேம்பிரிட்ஜ் அறிஞர் லோவசு டிக்கின்சன் இதனைப் பெற்று இந்தியா, சீனா, ஜப்பான் ஆகிய நாடுகளைக் கண்டுதிரும்பினார்.

பிறரை அனுப்பியவர் 1908 நவம்பரில் தாமே புறப்பட்டார். உடன் சென்றவர் அவருடைய மகிழுந்தின் ஓட்டுநர் ஆல்பிரெட் துதேர்த்ர். புறப்படுமுன் ஓட்டுநருக்கு நிழற்படம் எடுக்கவும் திரைப்படக் கருவியைக் கையால் சுழற்றவும் பயிற்சி தரப்பட்டது. அமெரிக்கா, ஜப்பான், சீனா எனச் சுற்றி 1909 மார்ச்சில் இருவரும் திரும்பியபோது அவர்களிடம் நான்காயிரத்திற்கும் மேற்பட்ட இரட்டைப் பிம்ப நிழற்படங்களும் திரைச்சுருள்களும் இருந்தன. வணிக நோக்கில் தொடங்கிய பயணம் ஒரு பெரும்பணிக்கு வித்திட்டது.

புவிக்கோளின் ஆவணக்காப்பகம்

திரும்பிய அவ்வாண்டே ஒகுஸ்த் லெயோன் என்னும் நிழற்படக் கலைஞரைக் கான் பணியில் அமர்த்தினார். திட்டத்திற்குப் புவிக்கோளின் ஆவணக்காப்பகம் என்று பெயர். மனித வாழ்வின் தோற்றங்களும் தொழில்களும் பழக்கங்களும் காலப்போக்கில் மறைந்தே தீரும். மறையுமுன் அவற்றை ஒருமுறை உறுதியாகப் பதிவுசெய்துவிட வேண்டும் என்பதே அதன் நோக்கம். 1912இல் மனிதப் புவியியல் அறிஞர் ழான் புரூன் இதன் அறிவியல் இயக்குநரானார். அவருக்கென கொலேஜ் தெ பிரான்சு என்னும் உயர்கல்வி நிறுவனத்தில் ஒரு பேராசிரியர் இருக்கையையும் கான் தம் பொருளால் நிறுவினார். எதைப் படம்பிடிக்க வேண்டும் என்பதைப் புரூன் படப்பிடிப்பாளர்க்குக் கற்பித்தார். வீடு எவ்வாறு கட்டப்பட்டுள்ளது, வழி எங்கே செல்கிறது, வயலில் என்ன விளைகிறது, சந்தையில் யார் எதை விற்கிறார் ஆகியவையே அவர் கேட்ட வினாக்கள். அரண்மனை இருந்தால் படம் எடுக்கலாம். அதன் வாயிலில் காய்கறி விற்பவரை விட்டுவிடக் கூடாது.

இரண்டு கருவிகள் அவர்களுடன் சென்றன. ஒன்று ஆட்டோகுரோம் எனப்படும் வண்ண நிழற்படத் தகடு. லூமியர் உடன்பிறந்தார் 1907இல் விற்பனைக்குக் கொண்டுவந்த இத்தகட்டின் உட்பொருள் உருளைக்கிழங்கு மாவு என்றால் நம்புவது கடினம். கண்ணுக்குத் தெரியாத மாவுத் துகள்களைச் செம்மஞ்சள், பச்சை, ஊதா ஆகிய நிறங்களில் தோய்த்துக் கண்ணாடித் தகட்டில் பரப்பினர். ஒளி அத்துகள்களின் வழியே சென்று வண்ணப்படமாகப் பதிந்தது. ஆனால் தகட்டின் ஒளியுணர்வு குறைவு. நல்ல வெயிலிலும் ஒரு நொடியோ அதற்கு மேலோ தேவைப்பட்டது. படத்தில் உள்ளவர் அசையாமல் நிற்க வேண்டும். நடந்துசென்றவர் மங்கிய கறையாகவே பதிந்தார், அல்லது பதியாமலே போனார்.

மற்றொன்று முக்காலியில் நிற்கும் திரைப்படக் கருவி. ஒருவர் கைப்பிடியைச் சீராகச் சுழற்ற, நொடிக்குப் பதினாறு படங்கள் அளவில் சுருள் ஓடியது. இதில் வண்ணமும் இல்லை, ஒலியும் இல்லை. ஆனால் தெரு நடந்தது. ஆகவே இக்காப்பகத்தில் ஒரே நகரம் இருமுறை இருக்கிறது. ஒன்றில் நிறம் உண்டு, அசைவில்லை. மற்றொன்றில் அசைவு உண்டு, நிறமில்லை. இவ்விரண்டையும் மனத்தில் சேர்த்துக்கொள்வது காண்போர் பொறுப்பு.

இங்கே ஒரு முரணைச் சுட்டாமல் செல்ல இயலவில்லை. கானின் ஆசானும் நண்பருமான பெர்க்சன் 1907இல் வெளியிட்ட தம் பெருநூலில் திரைப்படக் கருவியைக் குறையுள்ள அறிவுக்கு எடுத்துக்காட்டாகக் கூறியிருந்தார். ஓடும் வாழ்வை அக்கருவி அசையாத் துண்டுகளாக வெட்டி மீண்டும் ஒட்டவைக்கிறது. உண்மையான ஓட்டம் அதற்கு அகப்படுவதில்லை என்பது அவர் கருத்து. மாணவரோ அதே கருவியை வாங்கி உலகின் பல மூலைகளுக்கும் அனுப்பினார். இதனால் நட்பு குலையவில்லை.

நகரங்கள்

ஸ்டெபான் பாசே இப்பணியில் மிகுதியும் பயணம் செய்தவர்களுள் ஒருவர். 1912இல் அவர் பீகிங் நகரை அடைந்தபோது சீனாவில் பேரரசு முடிவுற்றுச் சில மாதங்களே ஆகியிருந்தன. துருக்கி, மொராக்கோ, மங்கோலியா, கிரேக்கம் ஆகிய நாடுகளுக்கும் அவர் சென்றார். 1913ஆம் ஆண்டின் இறுதியிலும் அடுத்த ஆண்டின் தொடக்கத்திலும் இந்தியாவில் இருந்தார். பதினான்கு ஆண்டுகள் கழித்து ரோஜே துயூமா என்பவர் கபூர்தலா அரசரின் பொன்விழாவைப் பதிவுசெய்ய மீண்டும் இந்தியா வந்தார். பிரெஞ்சு இராணுவ அலுவலரான லெயோன் பியூசி, வியட்நாமின் ஹனாய் நகரையும் அதன் சிற்றூர்களையும் படம்பிடித்தார். பயண நல்கை பெற்ற மார்கரெட் மெசுபுலே, தம் தோழி மேடலின் மின்யோனுடன் 1913இல் அயர்லாந்துக்குச் சென்று மீனவப் பெண்களையும் நூல் நூற்போரையும் வண்ணத்தில் பதிவுசெய்தார்.

சில தகடுகளைக் காணும்போது அவற்றின் நாளைக் கவனிக்க வேண்டும். லெயோனும் புரூனும் சரயேவோ நகரில் படம் எடுத்தது 1912 அக்டோபர். இரண்டாண்டுகள்கூட ஆகவில்லை, அந்நகரில் ஆஸ்திரிய இளவரசர் சுடப்பட்டார், உலகப்போர் மூண்டது. 1913இல் தெசலோனிக்கி நகரின் தெருக்கள் படம்பிடிக்கப்பட்டன. யூதரும் துருக்கியரும் கிரேக்கரும் கலந்து வாழ்ந்த பழம்பெரும் துறைமுகம் அது. 1917 ஆகஸ்டில் மூண்ட பெருந்தீயில் நகரின் நடுப்பகுதி எரிந்தது. படத்தில் உள்ள தெருக்கள் பல இன்று படத்தில் மட்டுமே உள்ளன. படம் எடுத்தவர்களுக்கு இவை எவையும் தெரியாது. அவர்கள் வெயில் சாய்வதற்குள் அன்றைய வேலையை முடிக்கவே விரைந்திருப்பர்.

பாரிசு நகரத்தையும் கான் மறக்கவில்லை. சொந்த நகரையே அயல்நாடுபோல் பார்க்க வேண்டும் என்பதால் அதன் சந்தைகளும் ஆற்றங்கரைகளும் குறுகிய சந்துகளும் ஆண்டுதோறும் பதிவாயின. 1914இல் போர் தொடங்கியபோது நகரின் முகம் மாறியதும் பதிவாயிற்று. அமைதிக்காகத் தொடங்கிய காப்பகம் இடிபாடுகளின் காப்பகமாகவும் ஆனது. 1917இல் குண்டுகளால் சிதைந்த ரீம்சு நகரை இவருடைய கலைஞர்கள் வண்ணத்தில் எடுத்தனர். 1919 கோடையில் லூசியன் லெ சேன் என்பவர் வான்கப்பலில் ஏறி, போர்க்களங்களின் மீது தாழப் பறந்தவாறு திரைப்படம் எடுத்தார். கூரை இழந்த வீடுகளும் குழிகளால் நிறைந்த வயல்களும் மௌனமாக நீண்டுசெல்கின்றன. அம்மௌனப் படத்திற்கு ஒலி இல்லாதது குறையாகவே தோன்றுவதில்லை. 1925இல் கமில் சொவாழோ எருசலேம் நகரைப் படம்பிடித்தார்.

இப்படங்களில் வெட்டுகளும் தலைப்புகளும் அரிது. பெரும்பாலானவை எடுத்தது எடுத்தபடியே கிடக்கின்றன. வழிப்போக்கர் நின்று கருவியை உற்றுப் பார்க்கின்றனர். சிறுவர் முன்னால் ஓடிவந்து நிற்கின்றனர். யாரோ கையசைத்து அவர்களை விலக்குகின்றார். வணிகப் படமாயின் இவை வெட்டி எறியப்பட்டிருக்கும்.

குறை ஒன்றையும் கூறுதல் வேண்டும். கலைஞர்கள் சென்ற வழிகள் பல, பிரான்சும் பிற ஐரோப்பிய நாடுகளும் ஆண்ட நிலங்களின் வழிகள். அலுவலரின் பரிந்துரைக் கடிதத்தோடு சென்றவர் முன் எளியவர் ஒருவர் அசையாமல் நின்றார் என்றால், அவர் விரும்பி நின்றாரா என்பதைத் தகடு சொல்வதில்லை. படம் எடுத்தவரின் பெயரும் நாளும் ஊரும் ஏட்டில் உள்ளன. படத்தில் உள்ளவர் பலரின் பெயர் இல்லை.

விருந்தினர்க்கு மட்டும்

இவ்வளவு பொருட்செலவில் திரட்டிய படங்களைக் கான் பொதுமக்களுக்குத் திரையரங்கில் காட்டவில்லை. புலோன் இல்லத்திற்கு வந்த அறிஞர், அமைச்சர், எழுத்தாளர், அயல்நாட்டு விருந்தினர் ஆகியோரே அவற்றைக் கண்டனர். புரூனின் வகுப்புகளிலும் சில காட்டப்பட்டன. 1920இல் இரவீந்திரநாத் தாகூர் கானின் விருந்தினராகத் தங்கினார். மறு ஆண்டு அத்தோட்டத்தில் அவரும் வண்ணத் தகட்டில் பதிவானார். நாட்டை ஆள்வோர் பிற மக்களின் வாழ்வைக் கண்டால் முடிவுகள் மாறும் என்று கான் எண்ணினார். அவ்வெண்ணம் எந்த அளவுக்குப் பலித்தது என்பதை அடுத்த இருபது ஆண்டுகளின் வரலாறு காட்டிவிட்டது. அன்று அப்படங்கள் பள்ளிகளுக்குச் சென்றிருந்தால் அவற்றின் பயன் இன்னும் பெரிதாக இருந்திருக்கும்.

வீழ்ச்சி

1929 அக்டோபரில் நியூயார்க் பங்குச்சந்தை சரிந்தது. அதன் அதிர்வு கானின் வங்கியையும் தாக்கியது. 1930இல் புரூன் மறைந்தார். 1931இல் பயணங்கள் நின்றன. இருபத்திரண்டு ஆண்டுகளில் ஏறத்தாழ ஐம்பது நாடுகளிலிருந்து 72,000 வண்ணத் தகடுகளும், நூறு மணி நேரத்திற்கும் மேல் ஓடக்கூடிய 1,80,000 மீட்டர் திரைச்சுருளும் சேர்ந்திருந்தன. உலகில் வேறெங்கும் ஆட்டோகுரோம் தகடுகள் இவ்வளவு இல்லை. அவற்றின் உரிமையாளரோ கடனாளியாகிவிட்டார். இல்லமும் தோட்டமும் தகடுகளும் கடனுக்காகச் சிதறிப்போகும் நிலை வந்தது. 1936இல் சேன் மாவட்ட ஆட்சி அவற்றை வாங்கியதால் திரட்டு பிரியாமல் தப்பியது. மறு ஆண்டு தோட்டம் பொதுமக்களுக்குத் திறக்கப்பட்டது. முதியவரான கான் தாம் வாழ்ந்த இல்லத்திலேயே தங்கியிருக்க இசைவு அளிக்கப்பட்டது. தமக்குச் சொந்தமாக இருந்த தோட்டத்தில் அவர் பிறரைப்போல் நடந்தார்.

1940 ஜூனில் ஜெர்மானியப் படை பாரிசுக்குள் நுழைந்தது. சிறுவனாக ஒருமுறை கண்டதை எண்பது வயதில் மீண்டும் கண்டார். அக்டோபரில் யூதர்களின் உரிமைகளைப் பறிக்கும் சட்டம் பிரான்சில் இயற்றப்பட்டது. நவம்பர் 14ஆம் நாள் அதே புலோன் இல்லத்தில் ஆல்பர்ட் கான் உயிர்நீத்தார். ஏழு வாரங்கள் கழித்துப் பெர்க்சனும் மறைந்தார்.

போர் முடிந்தபின்னும் நெடுங்காலம் அத்தகடுகளைத் தேடி வந்தவர் சிலரே. அக்காலத் திரைச்சுருள் எளிதில் தீப்பற்றும் தன்மையுடையது. நாள்பட்டால் தானே சிதைவது. ஆகவே அவற்றைப் பாதுகாப்பான சுருளில் படியெடுத்துக் காத்தனர். 1986இல் அவ்விடம் அருங்காட்சியகமாயிற்று. ஜப்பானியக் கட்டடக்கலைஞர் கெங்கோ குமா வடிவமைத்த புதிய கட்டடத்துடன் 2022இல் அது மீண்டும் திறக்கப்பட்டது.

ஆயிரமாயிரம் முகங்கள் உள்ள அத்திரட்டில் கானின் முகம் சில படங்களிலேயே உள்ளது. அவற்றுள் ஒன்று 1914இல் எடுக்கப்பட்டது. பாரிசின் ரிஷ்லியூ தெருவில் இருந்த தம் வங்கியின் மேல்மாடத்தில், கம்பித்தடுப்பின் அருகே அவர் நிற்கிறார்.